பட்டா இல்லாத நூற்றாண்டு: நெகிரி செம்பிலான் தோட்டங்களும் தமிழரும்

சிரம்பானிலிருந்து கோலா பிலா போகும் சாலை புக்கிட் புத்துஸ் கணவாயைத் தாண்டியதும் நிலத்தின் முகம் மாறிவிடும். மேற்கே, லிங்கி ஆறு ஓடும் பக்கத்தில், சிரம்பான், ரந்தாவ், சிலியாவ், போர்ட்டிக்சன் என்று ரப்பர்த் தோட்டங்கள் நிறைந்திருந்த பகுதி. கிழக்கே குறுகிய பள்ளத்தாக்குகள், வயல்கள், சுமத்ராவின் மினாங்கபாவ் பகுதியிலிருந்து சில நூற்றாண்டுகளுக்கு முன் வந்து குடியேறியவர்களின் கம்பங்கள் எனப்படும் கிராமங்கள். அங்கே மரபுரிமை நிலம் தாயிடமிருந்து மகளுக்குப் போகிறது. அடாட் பெர்ப்பாத்தே எனப்படும் அந்தத் தாய்வழி மரபுக்கு ஆங்கிலேயர் 1909-ல் ஒரு சட்டமே இயற்றினார்கள். மரபுரிமை நிலம் என்று பதிவேட்டில் ஏறியதைக் குலத்துக்கு வெளியே விற்க வழியில்லை. அண்ணன் தம்பிகள் கடன்பட்டாலும், அரிசி விலை சரிந்தாலும், அந்த மண் பெண்மக்களின் பெயரில் நின்றது.

அதே ஆண்டுகளில் கணவாய்க்கு மேற்கே இருந்த மண் லண்டன் பங்குச் சந்தையில் கைமாறிக்கொண்டிருந்தது. அந்த மண்ணைக் காடழித்து, ஓடை வெட்டி, மரம் நட்டு, பால் வெட்டி விலையுள்ளதாக ஆக்கியவர்களில் மிகப் பெரும்பாலோர் தமிழர்கள். திருச்சி, சேலம், தஞ்சை, வட ஆர்க்காடு, செங்கற்பட்டு ஜில்லாக்களிலிருந்து வந்தவர்கள். கிழக்கே மரபு காத்த நிலத்திலும் மேற்கே பணம் வாங்கிய நிலத்திலும் அவர்களுக்குப் பங்கில்லை. வேலை இருக்கும்வரை லயம் எனப்படும் வரிசை வீட்டில் ஓர் அறை, வேலை போனால் அதுவும் இல்லை.

தோட்டத் தமிழரின் வறுமைக்குக் கள்ளையும் கல்வியின்மையையும் ஒற்றுமைக் குறைவையும் காரணமாகச் சொல்வது நம்மவர் மேடைகளில் வழக்கம். அவற்றில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் நெகிரி செம்பிலானின் வரலாற்றை நிலத்தை வைத்துப் படித்தால் வேறொன்று தெரிகிறது. இந்தச் சிறிய மாநிலத்தில் ஒரு நூற்றாண்டுக்குள் நிலம் பலமுறை பங்கிடப்பட்டது. ஒவ்வொரு முறையும் யாருக்கோ பட்டா கிடைத்தது. தோட்டத்து மக்கள் ஒவ்வொரு முறையும் கணக்குக்கு வெளியே நின்றார்கள்.

கதை ரப்பரில் தொடங்கவில்லை. 1880களில் இலங்கையில் தோட்டம் போட்டுப் பழகிய வெள்ளைக்காரத் துரைமார் சுங்கை ஊஜோங்கில், அதாவது இன்றைய சிரம்பான் வட்டாரத்தில், காப்பி நட்டார்கள். ரந்தாவுக்கு அருகிலுள்ள லின்சம் அப்படித் தொடங்கியதுதான். 1891-ல் சிரம்பானுக்கும் போர்ட்டிக்சனுக்கும் இடையே ரயில் ஓடத் தொடங்கியது. ஈயத்தை ஏற்றுவதற்காகப் போட்ட பாதை காப்பிக்கும் பயன்பட்டது. பத்தாண்டு ஆவதற்குள் பிரேசில் உலகச் சந்தையில் காப்பியைக் கொட்டியது, விலை விழுந்தது, இங்கே செடிகளைப் புழு தின்றது. துரைமார் வேறு பயிர் தேடினார்கள்.

தேடிய பயிரும் பிரேசிலில் இருந்துதான் வந்திருந்தது. 1876-ல் ஹென்றி விக்கம் என்ற ஆங்கிலேயர் அமேசானின் கிளையான தப்பஜோஸ் ஆற்றங்கரையில் திரட்டிய எழுபதாயிரம் ரப்பர் விதைகளை லண்டன் கியூ தோட்டத்துக்குக் கொண்டுபோனார். முளைத்தவை சில ஆயிரமே. அவற்றில் பெரும்பங்கு இலங்கைக்குப் போயிற்று. 1877-ல் 22 கன்றுகள் சிங்கப்பூர் வந்தன. சிங்கப்பூர்த் தாவரத் தோட்டத்தில் ஹென்றி ரிட்லி மரத்தைக் கொல்லாமல் நாள்தோறும் பட்டையைச் சீவிப் பால் எடுக்கும் முறையை 1890களில் செம்மைப்படுத்தினார். 1896-ல் அண்டை மாநிலமான மலாக்காவில் டான் சாய் யான் முதன்முதலாக வணிக நோக்கில் ரப்பர் நட்டார். அதன்பின் நெகிரி செம்பிலானின் காப்பிக் காடுகளில் ரப்பர் ஊடுபயிராக நுழைந்து, சில ஆண்டுகளில் காப்பியையே விழுங்கிவிட்டது.

1908-ல் டெட்ராய்ட்டில் ஃபோர்டு தன் மலிவு மோட்டார் காரை வெளியிட்டார், டயருக்கு ரப்பர் தேவை கூடியது. 1910 ஏப்ரலில் லண்டனில் ஒரு ராத்தல் ரப்பர் 12 ஷில்லிங்கைத் தாண்டியது. ரப்பர்க் கம்பெனி என்று பெயர் போட்டாலே பங்குகள் விற்றுப்போன காலம். லிங்கி பெயரைத் தாங்கிய கம்பெனியும் அந்தப் பட்டியலில் உண்டு. அரசு குறைந்த வரியில் நீண்டகாலப் பட்டா கொடுத்தது. காடு இருந்தது, பணம் இருந்தது, ஆள் மட்டும் இல்லை. அதற்குத்தான் கப்பல் ஏற்றினார்கள்.

முதலில் சஞ்சி முறை. கடன் கொடுத்து ஒப்பந்தத்தில் கட்டி அழைத்து வருவது. 1910-ல் அது சட்டப்படி முடிவுக்கு வந்தது. பிறகு கங்காணி முறை ஓங்கியது. தோட்டத்து மேற்பார்வையாளரான கங்காணி லைசென்ஸோடு ஊருக்குப் போவார், சொந்தம், சாதி, பக்கத்து ஊர் என்று ஆள் திரட்டி நாகப்பட்டினத்திலோ சென்னையிலோ கப்பலேற்றுவார். தாம் கொண்டுவந்த ஆள் வேலைக்கு வரும் ஒவ்வொரு நாளுக்கும் அவருக்கு இரண்டு காசு தலைக்காசு. ஆள் காய்ச்சலில் படுத்தால் கங்காணிக்கு நட்டம். அதனால் பெரட்டு எனப்படும் விடிகாலைப் பெயரழைப்புக்கு ஆளை இழுத்துவர அவரிடம் காரணம் இருந்தது. கப்பல் செலவுக்கு 1907-08-ல் ஒரு குடியேற்ற நிதி அமைத்தார்கள். ஒவ்வொரு முதலாளியும் தன் ஆட்களின் எண்ணிக்கைக்கேற்ப அதில் பணம் கட்டவேண்டும். இந்த ஏற்பாட்டுக்கு ஓர் உட்பொருள் உண்டு. தமிழன் இங்கே குடியேற வருகிறவன் அல்லன், தேவைப்படும்போது வரவழைத்துத் தேவை தீர்ந்ததும் அனுப்பிவிடலாம் என்ற எண்ணம் அந்த நிதியின் விதிகளிலேயே எழுதப்பட்டிருந்தது. நிலம் கொடுப்பது பற்றிய பேச்சு ஏன் எழவில்லை என்பதற்கான விடை இதில் இருக்கிறது.

வந்தவர்களை முதலில் எதிர்கொண்டது மலேரியா. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும். நெகிரி செம்பிலானின் நில அமைப்புக்கும் அங்கே விழுந்த பிணங்களுக்கும் நேரடித் தொடர்பு உண்டு. மால்கம் வாட்சன் என்ற மருத்துவர் 1901-லிருந்து கிள்ளான் வட்டாரத்தில் சதுப்பை வடித்து, புதரை வெட்டி, மலேரியாவைக் கட்டுக்குள் கொண்டுவந்தார். கடலோரத்தில் நோயைப் பரப்பிய கொசு நிழலில் தேங்கிய நீரில் வளர்வது. காட்டை அழித்து வெயில் பட்டால் அது ஒழிந்துவிடும். அந்தப் பாடத்தை அப்படியே மலைப்பாங்கான தோட்டங்களுக்குக் கொண்டுபோனபோது நேர்மாறாக நடந்தது. மலையில் நோயைப் பரப்புவது வேறு வகைக் கொசு. வெயில் படும் தெளிந்த ஓடைநீரில்தான் அது முட்டையிடும். மூடிய காட்டுக்குள் அந்த ஓடைகள் நிழலில் கிடந்தவரை ஆபத்தில்லை. தோட்டத்துக்காக மரங்களை வெட்டிச் சாய்த்ததும் ஒவ்வொரு பள்ளத்து ஓடையும் கொசுப் பண்ணையாக மாறியது. தண்ணீர் வசதி பார்த்து ஓடையோரமாகக் கட்டிய லயங்களில் ஆட்கள் கொத்துக் கொத்தாகப் படுத்தார்கள். காடு வெட்டியவனையே வெட்டிய காடு திருப்பி அடித்தது. 1911-ல் கூட்டு மலாய் மாநிலத் தோட்டங்களில் இந்தியத் தொழிலாளர் இறப்பு ஆயிரத்துக்கு அறுபதைத் தாண்டியது. அது சராசரி. புதிதாகத் திறந்த மலைத் தோட்டங்களில் இதைவிடப் பன்மடங்கு. நிலத்தடிக் குழாய் பதித்து ஓடைகளை மறைக்கவும், எண்ணெய் தெளிக்கவும், கொயினா கொடுக்கவும் தோட்டங்கள் பழகியபின்தான் அந்த எண்ணிக்கை இறங்கியது.

உயிர் தப்பியவர்கள் செய்த வேலையைப் பார்ப்போம். விடியுமுன் பெரட்டுக் களத்தில் பெயர் கூப்பிடுவார்கள். பிறகு உளி, வாளி, தலையில் ஒரு விளக்கு என்று அவரவர் நிரைக்குப் போகவேண்டும். வெயில் ஏறுமுன் பட்டைக்குள் அழுத்தம் மிகுந்திருக்கும், பால் நன்றாக இறங்கும். ஏறிவிட்டால் பால் குறையும். அதனால்தான் இருட்டில் வேலை. முந்தைய வெட்டில் உறைந்து கிடக்கும் ஒட்டுப்பாலை உரித்துக் கூடையில் போட்டுவிட்டு, மரத்தைச் சாய்வாகச் சுற்றிவரும் கோட்டில் ஒன்றரை மில்லிமீட்டர் அளவுக்குப் பட்டையைச் சீவவேண்டும். ஆழம் குறைந்தால் பால் வராது. ஆழம் கூடி மரத்தில் காயம் பட்டால் அந்த இடத்தில் பட்டை முண்டு முண்டாக வளரும், அடுத்த சுற்றில் அங்கே உளி ஓடாது, மேற்பார்க்கும் தண்டலின் ஏச்சும் கூலிப் பிடிப்பும் வேறு. இப்படி முந்நூறு, நானூறு மரம். பிறகு திரும்பி வந்து பால் நிறைந்த மங்குக் கிண்ணங்களை வாளியில் கவிழ்த்து, காண்டாக்கம்பில் தூக்கிக்கொண்டு பால் கொட்டகைக்கு நடை. கைக்குழந்தை ஆயாக்கொட்டகையில் இருக்கும். மழை பெய்தால் வெட்டில்லை, வெட்டில்லாத நாளுக்குக் கூலி இல்லை.

இதை ஆணும் பெண்ணும் ஒரே மாதிரிதான் செய்தார்கள். கூலி ஒன்றல்ல. 1920களின் இறுதியில் எளிதில் போய்வரக்கூடிய தோட்டங்களில் ஆணுக்கு நாளொன்றுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்பது அரசு நிர்ணயித்த அளவு. கணவாய்க்குக் கிழக்கே பெண்ணின் பெயரில்தான் நிலம் என்று அதே அரசு சட்டம் போட்டுக் காத்துவந்தது. ஒரே மாநிலத்தில் பெண்ணுக்கு இரண்டு விலை. தோட்டத்துத் தமிழச்சிக்குக் கிடைத்தது நாளுக்குப் பத்துக் காசு குறைந்த விலை.

ரப்பரின் அரசியல் தோட்டத்து எல்லைக்குள் முடிவானதில்லை. 1920-21-ல் விலை சரிந்தபோது, வின்ஸ்டன் சர்ச்சில் காலனி மந்திரியாக இருந்த காலத்தில், மலாயாவிலும் இலங்கையிலும் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தும் ஸ்டீவன்சன் திட்டம் 1922-ல் வந்தது. டச்சுக்காரர் சேரவில்லை. விலை ஏறியது, உலக ரப்பரில் பெரும்பங்கை வாங்கிய அமெரிக்கா கொதித்தது. டயர் முதலாளி ஃபயர்ஸ்டோன் 1926-ல் லைபீரியாவில் பத்து லட்சம் ஏக்கருக்கு 99 ஆண்டுக் குத்தகை எடுத்தார். ஃபோர்டு, விக்கம் விதை திரட்டிய அதே தப்பஜோஸ் கரையில் தோட்டம் போடப் போனார். அங்கே மரங்களை நெருக்கி நட்டதும் தென் அமெரிக்க இலைக்கருகல் நோய் தோட்டம் முழுக்கப் பரவிவிட்டது. ரப்பர் பிறந்த மண்ணில் ரப்பர்த் தோட்டம் நிலைக்கவில்லை. அந்தப் பூஞ்சை கடல் தாண்டி இங்கே வராததுதான் மலாயாவின் செல்வத்துக்கு அடித்தளம். 1928-ல் ஸ்டீவன்சன் திட்டம் கைவிடப்பட்டது. அடுத்த ஆண்டே உலகப் பொருளாதார மந்தம் தொடங்கிவிட்டது.

1910-ல் 12 ஷில்லிங்குக்கு மேல் விற்ற ராத்தல் ரப்பர் 1932-ல் இரண்டு பென்னிக்கும் கீழே போயிற்று. நாட்கூலி ஏறத்தாழப் பாதியாக இறங்கியது. குடியேற்ற நிதி அப்போது தன் மறுபக்கத்தைக் காட்டியது. ஆள் கொண்டுவரச் சேர்த்த அதே பணத்தில் ஆட்களைத் திருப்பி அனுப்பினார்கள். 1930 முதல் 1932 வரை மூன்று ஆண்டுகளில் ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர் கப்பலேற்றப்பட்டனர். மலாயா அரசுக்கு வேலையில்லாத் திண்டாட்டம் என்ற பிரச்சினையே எழாமல் போனதற்கு இது முக்கியக் காரணம். பிரச்சினையை மூட்டை கட்டித் தமிழ்நாட்டு ஜில்லாக்களுக்கு அனுப்பிவிட்டார்கள்.

அந்த நேரத்தில் ஒரு மாற்று யோசனை முளைத்தது. போர்ட்டிக்சனுக்கு அருகே சுவா என்னும் இடத்தில் 1930களில் இந்தியருக்கென ஒரு குடியேற்றம் உருவானது. தோட்டத்தில் வேலை இல்லாதவனுக்கு ஒரு துண்டு மண், அதில் காய்கறி, வாழை, கொஞ்சம் மரம். இது பெருகியிருந்தால் இந்தக் கட்டுரைக்கே வேலை இருந்திருக்காது என்று நினைக்கத் தோன்றுகிறது. பெருகவில்லை. சொந்த நிலமுள்ள கூலிக்காரன் விலை பேசுவான், விலை பேசுகிறவன் தோட்டத்துக்கு உதவமாட்டான். முதலாளிகளுக்கு அது தெரியும். குடும்பத்தோடு இருக்கும் தொழிலாளிக்கு ஏக்கரில் பதினாறில் ஒரு பங்கு நிலத்தைத் தோட்டக்கால் போட ஒதுக்கவேண்டும் என்று தொழிலாளர் சட்டம் சொன்னது. அதுவும் பயிர் செய்துகொள்ளத்தான், உரிமை கொள்ள அல்ல.

மலாய்க்காரர் நிலம் பற்றி அரசு இதே மந்தத்தில் எடுத்த நடவடிக்கையை இதோடு வைத்துப் பார்க்கவேண்டும். கடன்பட்ட மலாய் விவசாயிகளின் நிலம் கடன் கொடுத்த செட்டியார்கள் கைக்குப் போவதாகப் புகார் எழுந்தது. 1913-ல் போட்ட மலாய் ஒதுக்கீட்டு நிலச் சட்டம் 1933-ல் இறுக்கப்பட்டது. அதைக் குறை சொல்ல முடியாது. நிலம் போய்விட்டால் ஒரு சமூகம் என்னாகும் என்பதை அரசு நன்றாகவே உணர்ந்திருந்தது. உணர்ந்த அரசு நிலமே பெறாத சமூகத்தைப் பற்றி யோசிக்கவில்லை. நிலம் வாங்கிய செட்டியாரும் தமிழர், லயத்தில் கிடந்தவரும் தமிழர் என்பதையும் சொல்லித்தான் ஆகவேண்டும். மொழி ஒன்றானாலும் வர்க்கம் வேறு. தோட்டத்து எழுத்தர்களான கிராணிமாரில் பலர் யாழ்ப்பாணத்தாரும் மலையாளிகளும். அவர்களுக்கும் பெரட்டுக் களத்துக்கும் இடையே இருந்த தூரம் அதிகம்.

1936 டிசம்பரில் வி. எஸ். சீனிவாச சாஸ்திரி இந்திய அரசு சார்பில் வந்து தோட்டங்களைப் பார்த்தார். கங்காணி ஆள்பிடிப்பை நிறுத்தவேண்டும், கூலியைப் பழைய 50, 40 காசுக்கு உயர்த்தவேண்டும் என்று எழுதினார். 1938-ல் தோட்டக்காரர்கள் கூலியை மறுபடி குறைக்கப் போனபோது இந்திய அரசு ஜூன் மாதம் உதவிபெற்ற தொழிலாளர் குடிபெயர்வைத் தடை செய்தது. கப்பல் கதவு மூடியது. வந்து போகிறவன் என்ற கணக்கு அன்றோடு பொருளற்றுப் போயிற்று. இருப்பவர்கள் இங்கேயே பெற்று, வளர்த்து, புதைக்கவேண்டியவர்கள் ஆனார்கள். சட்டங்கள் மட்டும் பழைய கணக்கிலேயே நின்றன.

ஜப்பானியர் காலம் தோட்டத்து நினைவில் சயாம் என்ற ஒற்றைச் சொல்லாக நிற்கிறது. தாய்லாந்துக்கும் பர்மாவுக்கும் இடையே 415 கிலோமீட்டர் ரயில் பாதை. கூலி, அரிசி என்று ஆசை காட்டியும், பிறகு லாரியில் அள்ளிப் போட்டும் மலாயாவிலிருந்து 70,000 பேருக்கு மேல் கொண்டுபோனார்கள். பெரும்பான்மையோர் தோட்டத் தமிழர். ஜப்பானியரின் கணக்குப்படியே ஏறத்தாழ 30,000 பேர் இறந்தனர், உண்மை இதைவிட மிகுதி என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' நாவல் அந்தக் கொடுமையைத் தமிழில் பதிவு செய்தது. வீட்டுக்கு ஓர் ஆண் என்று போய்விட்ட தோட்டங்களில் பெண்கள் மரவள்ளி நட்டுப் பிள்ளைகளைக் காப்பாற்றினார்கள். இதே காலத்தில் சிங்கப்பூரிலிருந்து யூரேசியர்களையும் சீனக் கத்தோலிக்கர்களையும் பகாவ் காட்டில் குடியேற்றியது ஜப்பானிய நிர்வாகம். நூற்றுக்கணக்கானோர் மலேரியாவில் மாண்டார்கள். படித்த நகரவாசிகள் இரண்டு ஆண்டில் அங்கே அனுபவித்ததைத் தோட்டத்து மக்கள் நாற்பது ஆண்டாக அனுபவித்து வந்திருந்தார்கள். பகாவில் மாண்டவர்களுக்கு நினைவஞ்சலி நடக்கிறது. தோட்டத்துச் சுடுகாடுகள் பலவற்றின் மேல் இப்போது செம்பனை நிற்கிறது.

போருக்குப் பின் சங்கங்கள் எழுந்தன. சிரம்பானை மையமாகக் கொண்டு நெகிரி செம்பிலான் தோட்டத் தொழிலாளர் சங்கத்தை நடத்திய பி. பி. நாராயணன் 1954-ல் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவாக முன்னின்றார், பின்னாளில் உலகத் தொழிற்சங்கச் சம்மேளனம் ஒன்றின் தலைவராகவே உயர்ந்தார். அவர் பாதை பேச்சுவார்த்தைப் பாதை. மற்றொரு பாதையில் போன தீவிரத் தொழிற்சங்கத் தலைவர் எஸ். ஏ. கணபதியை 1949 மே 4-ல் பிரிட்டிஷ் அரசு தூக்கிலிட்டது. கம்யூனிஸ்டுகளை ஒடுக்க வந்த அவசரகாலச் சட்டம் தீவிரத் தொழிற்சங்கத்தை வேரோடு பிடுங்கியபின் மிஞ்சியது கூலி பேசும் சங்கம். ரப்பர் விலையோடு கூலியைக் கட்டும் ஒப்பந்தங்களை அது போட்டது. நிலம், வீடு என்ற பேச்சு பின்னுக்குப் போய்விட்டது.

அந்த அவசரகாலத்தில்தான் மாநிலத்து நிலம் மறுபடி பங்கிடப்பட்டது. 1950-ல் பிரிக்ஸ் திட்டத்தின்கீழ் காட்டோரத்துச் சீனர்களை முள்வேலிக்குள் கொண்டுவந்து புதுக்கிராமங்கள் அமைத்தார்கள். நாடு முழுதும் ஐந்து லட்சம் பேர் வரை பெயர்க்கப்பட்டனர். கொடுமையான திட்டம்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் வேலி நீங்கியபின் அந்த மனைகள் நின்றன. உரிமம் குத்தகையாயிற்று, அந்த இடங்களில் கடையும் பட்டறையும் எழுந்தன. தோட்டத் தமிழரையும் அதே காலத்தில் வேலிக்குள் ஒன்றுசேர்த்தார்கள், அவரவர் தோட்டத்துக்குள்ளேயே, முதலாளியின் மண்ணிலேயே. போர்க்காலத்தில் போட்ட மரவள்ளிக் கொல்லையும் மாட்டுத் தொழுவமும் போயின. வேலி நீங்கியபோது அவர்களுக்கென்று ஒன்றும் மிஞ்சவில்லை.

1956-ல் ஃபெல்டா என்ற அரசு நில மேம்பாட்டு அமைப்பு பிறந்தது. நிலமற்ற கிராமத்தாருக்குக் காட்டை வெட்டி, ரப்பரோ செம்பனையோ நட்டு, வீடும் சுமார் பத்து ஏக்கரும் கொடுத்து, கடன் தீர்ந்ததும் பட்டா. நெகிரி செம்பிலானில் பாலோங், செர்த்திங், பாசோ ஆகியவை ஃபெல்டா நிலங்கள். உலக வங்கி பாராட்டிய திட்டம். ரப்பர் வேலையில் இந்த நாட்டிலேயே அதிக அனுபவம் உள்ளவர்கள் சில மைல் தூரத்தில், பகாவ் பக்கத்துக் கெடிஸ் தோட்டத்து லயங்களில் இருந்தார்கள். ஃபெல்டா குடியேறிகளில் அவர்கள் மிகச் சிலரே. டன்லப் கம்பெனித் தலைவரின் பெயரைத் தாங்கிய தோட்டம் அது.

இதற்கிடையே தோட்டங்களே துண்டாகத் தொடங்கின. சுதந்திரத்துக்கு அஞ்சிய லண்டன் கம்பெனிகள் விற்றன, வாங்கியவர்கள் பத்து ஏக்கர் இருபது ஏக்கராக அறுத்து விற்றார்கள். துண்டாடல் என்ற சொல் 1950களில் தோட்டத்து வீடுகளில் பயத்தோடு ஒலித்தது. துண்டு வாங்கிய சிறு முதலாளிக்கு லயமும் வேண்டாம், பள்ளியும் வேண்டாம், ஆயாக்கொட்டகையும் வேண்டாம். பேராசிரியர் உங்கு அசீஸ் இதை விரிவாக ஆய்ந்து அறிக்கை கொடுத்தார். அமைச்சராக இருந்த துன் வீ. தி. சம்பந்தன் 1960-ல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தொழிலாளி மாதம் பத்து வெள்ளி கட்டவேண்டும், சேர்ந்த பணத்தில் துண்டாடப்படவிருக்கும் தோட்டத்தை முழுதாக வாங்கவேண்டும். முதல் தோட்டம் கெடாவின் புக்கிட் சீடிம். மலேசியத் தமிழர் நிலத்தை நோக்கி எடுத்துவைத்த மிகத் துணிச்சலான அடி இதுவே என்பது என் எண்ணம். ஆனால் இதிலும் தொழிலாளிக்குப் பங்குப் பத்திரம் கிடைத்தது, தனிப் பட்டா கிடைக்கவில்லை. பின்னர் தேசிய நிலச் சட்டத்தில் 214ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். 40 எக்டேருக்குக் குறையாத தோட்ட நிலத்தை மாற்றுவதற்குத் தோட்ட நில வாரியத்தின் ஒப்புதல் வேண்டும் என்பது அதன் சாரம். தோட்டம் துண்டாவதை அது மட்டுப்படுத்தியது. தோட்டம் முழுதாக நகரமாவதைத் தடுக்கும் நோக்கம் அதற்கு இல்லை.

1969 மே இனக்கலவரத்துக்குப் பின் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் கட்டாயமாயிற்று. சிவப்பு அடையாள அட்டையோடு இருந்தவர்களில் பல்லாயிரம் பேர் கப்பலேறினார்கள், சிலர் பிறந்த பிள்ளைகளை இங்கே விட்டுவிட்டு. 1981 செப்டம்பர் 7-ஆம் நாள் காலை, லண்டன் பங்குச் சந்தையில் சில மணி நேரத்துக்குள் அரசு முதலீட்டு நிறுவனமான பெர்மோடாலான் நேஷனல் கத்ரி கம்பெனியைக் கைப்பற்றியது. மலேசியருக்குப் பெருமைக்குரிய காலைதான் அது. நெகிரி செம்பிலானில் பெருந்தோட்டங்கள் வைத்திருந்த கம்பெனி மலேசியர் கைக்கு வந்தது. 2007-ல் அது சைம் டார்பியோடு இணைந்தது. துரை போய் மேனேஜர் வந்தார். லயத்து அறையின் உரிமை மட்டும் இடம் மாறவில்லை.

1980களிலிருந்து சிரம்பானுக்கும் நீலாய்க்கும் இடையே நிலத்தின் மதிப்பு வேறாயிற்று. நெடுஞ்சாலை வந்தது, சிப்பாங்கில் விமான நிலையம் வந்தது, கோலாலம்பூர் தெற்கே நீண்டது. சிரம்பான் 2 போன்ற நகரியங்கள் பழைய தோட்ட மண்ணில் எழுந்தன. ரப்பர் பாலைவிட வீட்டுமனை லாபம் தந்தது. செம்பனைக்கு மாறிய தோட்டங்களில் குறைந்த ஆட்களே போதும், அவர்களும் இந்தோனேசியாவிலிருந்தும் வங்கதேசத்திலிருந்தும் வந்தார்கள்.

வெளியேறிய குடும்பத்துக்கு என்ன கிடைத்தது? 1980-ல் வந்த பணிநீக்க நட்ட ஈட்டு விதிப்படி ஐந்தாண்டுக்கு மேல் வேலை செய்தவருக்கு ஆண்டொன்றுக்கு 20 நாள் கூலி. முப்பது ஆண்டு பால் வெட்டிய ஒருவருக்கு 600 நாள் கூலி. நாளுக்கு 15 ரிங்கிட் என்று வைத்துக்கொண்டால் 9,000 ரிங்கிட். அதே காலத்தில் மலிவு வீட்டுக்கு அரசு விதித்த உச்ச விலை 25,000 ரிங்கிட். வங்கிக் கடனுக்குப் போனால் மாதச் சம்பளச் சீட்டு கேட்பார்கள். நாட்கூலிக்காரரிடம் அது இல்லை, வேலையும் இல்லை. சேமநிதிப் பணம் மகளின் கல்யாணத்துக்கோ மகனின் மோட்டார் சைக்கிளுக்கோ போய்விடும். ஆகவே பலர் பட்டணத்துப் புறம்போக்கில் பலகை வீடு கட்டினார்கள். மலேசிய இந்தியரிடையே இளைஞர் குண்டர் கும்பல்களைப் பற்றிக் கவலைப்படுகிறவர்கள் இந்தக் கூட்டல் கழித்தலை முதலில் போட்டுப் பார்க்கவேண்டும். தோட்டத்தில் வறுமை இருந்தது, ஆனால் கோயிலும் பள்ளியும் பக்கத்து வீடும் இருந்தன. அந்த மூன்றையும் ஒரே நோட்டீசில் இழந்த பிள்ளைகள் அவர்கள்.

தோட்டம் போனபின்னும் சில இடங்களில் பள்ளிகள் நிற்கின்றன. பிராட்வெல், அத்தர்டன், லின்சம், கெடிஸ், கெய்ரோ என்று தோட்டத்துப் பெயரைத் தாங்கிய தமிழ்ப்பள்ளிகள் இம்மாநிலத்தில் உண்டு. பள்ளி நின்ற மண் கம்பெனியுடையது என்பதால் பல பள்ளிகள் நெடுங்காலம் பகுதி உதவி பெறும் பள்ளிகளாகவே இருக்க நேர்ந்தது, கட்டடச் செலவுக்குக் கைநீட்டும் நிலையும் தொடர்ந்தது. கோயில்களுக்கும் இதே கதைதான். நூறாண்டு பூசை நடந்த மாரியம்மனுக்குப் பட்டா இல்லை என்ற காரணத்தால் புதிய மனைக்காரரின் வரைபடத்தில் அவளுக்கு இடமில்லாமல் போகிறது. 2007 நவம்பர் 25-ல் கோலாலம்பூர்ச் சாலைகளில் இந்து உரிமை அமைப்பான இண்ட்ராஃபின் அழைப்பில் திரண்டவர்களின் கோபத்தில் இந்தக் கோயில் இடிப்புகளுக்குப் பெரும்பங்கு உண்டு.

இனி என்ன செய்ய முடியும் என்பதில் குழப்பத்துக்கு இடமில்லை. 1990-ல் வந்த 446-ஆம் எண் சட்டம் வேலைக்காலத்து வீட்டின் தரத்தைப் பேசுகிறது, வேலைக்குப் பிந்தைய வீட்டைப் பேசவில்லை. புத்ராஜெயாவில் உள்ள மத்திய அரசை மட்டும் நோக்கி மனுக் கொடுப்பதும் பயன் தராது. மலேசிய அரசியல் சட்டத்தின்படி நிலம் மாநிலத்தின் அதிகாரம். தோட்டத்தை நகரியமாக்க விரும்பும் கம்பெனி, விவசாய நிலத்தைக் கட்டட நிலமாக மாற்றித் தரும்படி தேசிய நிலச் சட்டத்தின் 124-ஆம் பிரிவின்கீழ் சிரம்பானில் உள்ள மாநில அரசிடம்தான் விண்ணப்பிக்கவேண்டும். அந்த ஒரு கையெழுத்தில் நிலத்தின் விலை பல மடங்காகிறது. கையெழுத்துப் போடுவதற்கு முன் நிபந்தனை விதிக்க மாநிலத்துக்கு முழு உரிமை உண்டு, மலிவு வீடு, சாலை, பூங்கா என்று நிபந்தனைகள் விதிக்கப்பட்டும் வருகின்றன. 'மலேசியா விஷன் வேலி' என்ற பெயரில் சிரம்பான், போர்ட்டிக்சன் வட்டாரங்களின் பழைய தோட்ட நிலம் பெரும்பரப்பில் மாற்றத்துக்குக் காத்திருக்கும் இந்த நேரத்தில் கேட்கவேண்டியது மூன்று. மாற்ற விண்ணப்பம் வரும் நாளில் தோட்டத்துச் சம்பளப் புத்தகத்தில் இருப்பவர்களோடு அதற்கு முந்தைய பத்தாண்டில் ஆட்குறைப்பில் போனவர்களையும் சேர்த்து ஒரு குடும்பப் பட்டியல். அந்தப் பட்டியலில் உள்ள ஒவ்வொரு குடும்பத்துக்கும் அதே எல்லைக்குள் நட்ட ஈட்டுக்கு எட்டும் விலையில் ஒரு வீடு, கணவன் மனைவி இருவர் பெயரிலும் பட்டாவோடு. பள்ளிக்கும் கோயிலுக்கும் சுடுகாட்டுக்கும் தனித்தனி எல்லைக்கல், தனித்தனிப் பதிவு.